குரங்கு கத்தினால் என்ன அர்த்தம்?

குமரி மாவட்டத்துத் திற்பரப்பு அருவியில் குரங்கு ஒன்று கத்தினால் போதும், கூட்டத்தில் உடனே விளக்கங்கள் வரும். ‘நம்மளத்தான் திட்டுது’ என்பார் ஒருவர். இன்னொருவர் வாட்ஸ்அப்பில் வந்ததை எடுத்துவிடுவார்: குரங்குகளுக்குத் தனி மொழி உண்டு, விஞ்ஞானிகள் அகராதியே போட்டுவிட்டார்கள் என்று. ‘அது சும்மா கத்துது, இதுக்கு எதுக்கு ஆராய்ச்சி’ என்று மூன்றாவது ஆள் பேச்சை முடித்துவைப்பார். மூன்றிலும் கொஞ்சம் உண்மை ஒட்டிக்கொண்டிருக்கிறது. அதனால்தான் இத்தனை குழப்பம்.

இந்தக் கட்டுரைக்கு உயிரியல் எதுவும் தெரிந்திருக்க வேண்டியதில்லை. ஒன்றை மட்டும் மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்: கத்துகிற குரங்கை மட்டும் பார்த்தால் விஷயம் பாதிதான் பிடிபடும், மீதிப் பாதி கேட்கிற குரங்கிடம் இருக்கிறது.

கைக்குழந்தையின் அழுகை

மூன்று மாதக் குழந்தை அழுகிறது. அடுக்களையில் நிற்கும் பாட்டி எட்டிக்கூடப் பார்க்காமல் ‘அது பசி அழுகை இல்ல, வயிறு பொருமியிருக்கு’ என்கிறார். பெரும்பாலும் அவர் சொல்வது சரியாகவே இருக்கும். ஆனால் குழந்தை ‘எனக்கு வயிறு பொருமுகிறது’ என்று யாருக்கும் செய்தி அனுப்பவில்லை. வலித்தது, அழுதது, அவ்வளவுதான். அந்த அழுகையின் நீளம், கூர்மை, இடைவெளி ஆகியவற்றிலிருந்து அர்த்தத்தை எடுத்துக்கொண்டவர் பாட்டி.

குரங்கின் குரலும் பெரும்பாலும் இப்படித்தான் வேலை செய்கிறது. பயம், கோபம், தனிமை, பசி என்று உள்ளே ஒரு நிலை வருகிறது. அதற்கென்று பிறவியிலேயே அமைந்த ஒரு குரல் வெளியே வருகிறது.

இதற்கு மூளையில் காரணம் இருக்கிறது. மனிதர்களுக்குக் குரல் எழுப்ப இரண்டு வழிகள் உண்டு. ஒன்று பழைய வழி: முள் குத்தினால் அலறுவது, சிரிப்பு, அழுகை எல்லாம் இதில் வருகின்றன. இன்னொன்று பேச்சுக்கான வழி. மூளையின் மேற்பரப்பிலிருந்து தொண்டைத் தசைகளை இயக்கும் நரம்புகளுக்கு நேராகக் கட்டளை போவது இதில்தான். பக்கவாதத்தில் பேச்சு போனவர்கள் சிலரால் சிரிக்கவும் அழவும் முடிவதற்கு இதுவே காரணம். அடிபட்டது ஒரு வழி, மற்றது தப்பித்துவிட்டது. குரங்குகளுக்குப் பழைய வழி நன்றாக இருக்கிறது. புது வழி கிட்டத்தட்ட இல்லை. வரும் குரலை ஓரளவு அடக்கவோ விடவோ குரங்கால் முடியும். ஆனால் புதிதாக ஒரு ஒலியை உருவாக்கிப் பழக முடியாது. கிளி செய்வதைக் குரங்கால் செய்ய முடியாது.

தொண்டையில் குறை இல்லை

‘குரங்குக்குத் தொண்டை அமைப்பு சரியில்லை, அதனால்தான் பேச முடியவில்லை’ என்று பள்ளிப் பாடம் மாதிரியே பலர் சொல்வார்கள். விஞ்ஞானிகளும் வெகுகாலம் அப்படித்தான் நினைத்தார்கள்.

குரல் எப்படி உருவாகிறது என்பதைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம். நுரையீரலிலிருந்து காற்று மேலே வருகிறது. தொண்டையில் குரல்வளைக்குள் இரண்டு தசை மடிப்புகள் இருக்கின்றன. அவற்றுக்குக் குரல்நாண் என்று பெயர். காற்று பட்டு அவை அதிர, ஒலி பிறக்கிறது. ஒரு நொடியில் எத்தனை முறை அதிர்கிறது என்பதே அதிர்வெண். அது கூடினால் கீச்சுக் குரல், குறைந்தால் கட்டைக் குரல். அந்த ஒலியை நாக்கும் உதடும் தாடையும் வடிவமைத்து வெளியே விடுகின்றன. நமக்கும் குரங்குக்கும் இந்த ஏற்பாடு பொதுவானது.

2016-இல் டெகும்சே ஃபிட்ச், ஆசிஃப் கஸன்ஃபர் ஆகியோர் அடங்கிய குழு ஒரு நீள்வால் குரங்கை எக்ஸ்ரே வீடியோவாகப் படம்பிடித்தது. அது சாப்பிடும்போதும் குரல் எழுப்பும்போதும் வாயும் நாக்கும் என்னென்ன வடிவத்துக்குப் போகின்றன என்று அளந்து, அதே அளவுகளைக் கணினியில் கொடுத்து, இந்தத் தொண்டையால் பேசினால் எப்படி இருக்கும் என்று ஒலிக்க வைத்தார்கள். பேச்சுக்குத் தேவையான உயிரொலிகள் தெளிவாகவே வந்தன. சோதனை வாக்கியமாக அவர்கள் எடுத்துக்கொண்டது ‘என்னைக் கல்யாணம் பண்ணிக்கொள்வாயா?’ என்பதன் ஆங்கிலம். விஞ்ஞானிகளுக்கும் குறும்பு உண்டு. கேட்கக் கொஞ்சம் கரகரப்பு, ஆனால் என்ன சொல்கிறது என்று புரியும். ஆக, கருவி தயாராக இருக்கிறது. வாசிக்க ஆள் இல்லை.

நிஜக் குரங்கின் குரலில் இருக்கும் கரகரப்புக்கும் ஒரு காரணம் உண்டு. குரங்குகளின் குரல்நாண் விளிம்பில் மெல்லிய நாடா மாதிரி ஒரு சவ்வு இருக்கிறது. அதைக் குரல் சவ்வு என்பார்கள். அது இருப்பதால் அதிகச் சிரமமில்லாமல் உரத்துக் கீச்சிட முடிகிறது. ஆனால் குரல் நிலையாக நிற்காமல் திடீர் திடீரென்று உடைகிறது. 40-க்கும் மேற்பட்ட குரங்கின வகைகளைப் பார்த்த ஒரு ஜப்பானிய ஆய்வாளர் தலைமையிலான குழு, மனிதரிடம் மட்டும் இந்தச் சவ்வு இல்லை என்று 2022-இல் எழுதியது. நம் குரல் ஒரே சுருதியில் நின்று பாட முடிவது இதை இழந்ததால் வந்த லாபம்.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: குரங்கின் குரல் பெரும்பாலும் உள்நிலையின் வெளிப்பாடு. பேச முடியாததற்குக் காரணம் தொண்டை அல்ல, மூளையிலிருந்து தொண்டைக்குப் போகும் பாதை.

நம் மலையில் என்னென்ன கேட்கும்

அருவிக்கரையிலும் கோயில் வாசலிலும் நாம் பார்ப்பது நாட்டுக்குரங்கு. உச்சந்தலையில் வகிடெடுத்துத் தொப்பி வைத்தாற்போல முடி இருக்குமே, அது. கோதையாறு, கீரிப்பாறை பக்கம் மேலே காட்டுக்குள் போனால் கருமந்தி இருக்கிறது: கறுப்பு உடம்பு, பழுப்புத் தலை, நீண்ட வால். கன்னியாகுமரி வனவிலங்குச் சரணாலயம் 2008-இல் அறிவிக்கப்பட்டது. சுமார் 400 சதுர கிலோமீட்டர். பக்கத்துக் களக்காடு மலைகளில் சிங்கவால் குரங்கும் உண்டு.

நாட்டுக்குரங்கிடம் அடிக்கடி கேட்பது ‘கூ’ என்று உதட்டைக் குவித்து எழுப்பும் மெல்லிய குரல். இதைத் தொடர்புக் குரல் என்கிறார்கள். கூட்டம் இரை தேடிப் பரவும்போது ஒன்றையொன்று தவறவிடாமல் இருக்க இது உதவுகிறது. குட்டி பின்தங்கினாலும் கூ, தீனி கண்டாலும் கூ. இன்னொன்று, சத்தம் என்று சொல்லவே முடியாத அளவு மெல்லியது: இரண்டு குரங்குகள் நெருங்கும்போது உதட்டை வேகமாக ‘ப்ச ப்ச ப்ச’ என்று அடித்துக்கொள்வது. இது சமாதானக் குறி. அடுத்து பேன் பார்க்க உட்கார்ந்துவிடும். இந்த உதட்டடிப்பு நொடிக்கு ஐந்து முறை அளவில் நடக்கிறது. நாம் பேசும்போது அசைகள் வந்து விழும் வேகமும் ஏறக்குறைய அதுதான். மனிதப் பேச்சின் தாளம் இங்கிருந்து வந்திருக்கலாம் என்று சில ஆய்வாளர்கள் கருதுவது இதை வைத்துத்தான்.

சண்டையில் வரும் அலறல் வேறு ரகம். அடிவாங்குகிற குரங்குதான் அதிகம் அலறும், அடிக்கிறது அல்ல. நாம் இதைத் தலைகீழாக எடுத்துக்கொள்கிறோம். போர்ட்டோ ரிக்கோ அருகே காயோ சாண்டியாகோ என்ற தீவில், நாட்டுக்குரங்கின் நெருங்கிய சொந்தமான ரீசஸ் குரங்குகளிடம் நடந்த ஆய்வு, எதிராளி கூட்டத்தில் மேல்தட்டா கீழ்த்தட்டா, உண்மையிலேயே கடி விழுந்ததா என்பதைப் பொறுத்து அலறலின் அமைப்பு மாறுகிறது என்று 1984-இல் காட்டியது. அலறல் உறவுக்காரர்களைச் சண்டைக்குக் கூப்பிடும் வேலையைச் செய்கிறது.

இனி கருமந்தி. ரப்பர் தோட்டத்தில் விடியலுக்கு முன்பே நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு பால் வெட்டப் போகிறவர்களுக்கு இந்தக் குரல் நன்றாகத் தெரியும். மேலே காட்டுக்குள்ளிருந்து ‘ஹூ ஹூ ஹூ’ என்று அடித்தொண்டையில் வேகமாக எழும், கூடவே கிளைகள் முறியும் சத்தமும் வரும். குரலெழுப்பியபடியே ஆண் மந்தி மரத்துக்கு மரம் தாவும். சற்று நேரத்தில் எதிர்ச்சரிவிலிருந்து இன்னொரு ஆண் பதில் கொடுக்கும். புதிதாகத் தோட்டத்துக்கு வந்தவர்கள் ஏதோ பெரிய மிருகம் என்று பயந்துபோவதுண்டு. உண்மையில் அது எல்லைக் குரல். ‘இந்தப் பக்கம் ஆள் இருக்கு’ என்று பக்கத்துக் கூட்டம் தெரிந்துகொண்டு விலகிப் போகிறது. இரண்டு பக்கமும் அடிதடி மிச்சம். சிங்கவால் குரங்கின் ஆணுக்கும் இப்படி உரத்த குரல் உண்டு.

ஏன் கட்டைக் குரல், ஏன் விடியல்? கீச்சொலி இலைகளில் பட்டுச் சிதறிவிடும். குறைந்த அதிர்வெண்ணுள்ள ஒலி இலையையும் கிளையையும் சுற்றிக்கொண்டு தொலைவு போகும். விடியலில் காற்று அடங்கியிருக்கும், பூச்சிகளின் இரைச்சலும் குறைவு. அப்புறம் வெயில் ஏறிவிட்டால் சூடான காற்று ஒலியை மேல்நோக்கி வளைத்துவிடும். (இந்த மந்தியைத்தான் லேகியத்துக்கென்று ஒரு காலத்தில் கொன்று தீர்த்தார்கள். அந்த லேகியத்தால் எந்த நோயும் போனதாக மருத்துவம் சொல்லவில்லை. 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் கருமந்தி இருக்கிறது.)

சிறுத்தையா, கழுகா, பாம்பா?

‘குரங்குக்கு மொழி உண்டு’ என்ற பேச்சு கிளம்பிய இடம் கென்யாவின் அம்போசெலி. அங்குள்ள வெர்வெட் குரங்குகள் சிறுத்தைக்கு ஒரு மாதிரி, கழுகுக்கு ஒரு மாதிரி, பாம்புக்கு ஒரு மாதிரி கத்துகின்றன என்று தாமஸ் ஸ்ட்ருசேக்கர் 1967-இல் எழுதினார். இரைகொல்லியைக் கண்டதும் எழுப்பும் இப்படிப்பட்ட குரலை அபாயக் குரல் என்கிறோம்.

ஆனால் ஒரு சந்தேகம் எழும். சிறுத்தையை மற்ற குரங்குகளும் பார்த்திருக்கலாமே, குரலைக் கேட்டுத்தான் ஓடின என்று எப்படிச் சொல்வது? ராபர்ட் சைஃபார்த், டோரதி செனி, பீட்டர் மார்லர் மூவரும் இதற்கு ஒரு வழி கண்டார்கள். குரல்களைப் பதிவுசெய்து, புதருக்குள் ஒலிபெருக்கியை ஒளித்துவைத்து, எந்த விலங்கும் இல்லாத நேரத்தில் ஒலிக்கவிட்டார்கள். சிறுத்தைக் குரல் கேட்டதும் குரங்குகள் மரத்தில் ஏறின. கழுகுக் குரலுக்கு வானத்தைப் பார்த்தன, புதருக்குள் ஓடின. பாம்புக் குரலுக்குப் பின்னங்கால்களில் எழுந்து நின்று புல்லைத் துழாவின. 1980-இல் வெளியான இந்த ஆய்வுதான் இன்றைக்கும் வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது, பாதி தேய்ந்துபோன நிலையில்.

குட்டிகளின் விஷயம் இன்னும் சுவையானது. வெர்வெட் குட்டிகள் கழுகுக் குரலைப் பறக்கிற எதற்கும் கொடுக்கும். உதிர்ந்து வரும் இலைக்குக்கூட. ஆனால் தரையில் போகும் விலங்குக்குக் கழுகுக் குரல் கொடுப்பது அரிது. குரல் கையோடு வந்திருக்கிறது. எதற்கு என்பதுதான் வளர வளரச் சுருங்கித் தெளிவாகிறது.

நம் நாட்டுக்குரங்கையும் இப்படிச் சோதித்திருக்கிறார்கள். தென்னிந்தியக் காடுகளில் சிறுத்தை பொம்மையையும் மலைப்பாம்பு பொம்மையையும் காட்டி, வந்த குரல்களைப் பதிவுசெய்து பார்த்ததில் இரண்டும் ஒலியமைப்பில் வேறுபட்டிருந்தன.

சரி, அப்படியானால் இது மொழிதானே?

அர்த்தம் கேட்பவரிடம்

இங்கேதான் நான் முதலில் சொன்ன மீதிப் பாதி வருகிறது. அதே நாட்டுக்குரங்குகளுக்கு மந்திகளின் அபாயக் குரலையும் மிளா மானின் அபாயக் குரலையும் ஒலிக்கவிட்டபோது அவை தப்பிக்க ஆயத்தமாயின. மிளா குரங்குக்குச் சொல்வதற்காகவா கத்தியது? இல்லை. ஆனாலும் குரங்குக்குச் செய்தி கிடைத்துவிட்டது. கத்துபவரிடம் சொல்லும் எண்ணமே இல்லாதபோதும் கேட்பவரிடம் அர்த்தம் உண்டாக முடியும் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியவில்லை.

இன்னொரு சோதனை. ரீசஸ் குட்டியை ஜப்பானியக் குரங்குத் தாயிடமும், ஜப்பானியக் குட்டியை ரீசஸ் தாயிடமும் மாற்றி வளர்க்கவிட்டார்கள். வளர்ப்புத் தாயின் பாணியில் குட்டி கத்தக் கற்றுக்கொண்டதா என்றால், பெரிதாக இல்லை. தன் இனத்தின் குரலையே பெரும்பாலும் வைத்துக்கொண்டது. ஆனால் அந்தக் குட்டியின் அந்நியக் குரலைத் தாய் புரிந்துகொள்ளக் கற்றுக்கொண்டது. குரல் எழுப்புவது இறுகிப்போன விஷயம், கேட்பது நெகிழ்வான விஷயம்.

செனகலில், வெர்வெட்டின் நெருங்கிய சொந்தமான பச்சைக் குரங்குகள் மேல் ஒரு டிரோனைப் பறக்கவிட்டு ஜூலியா ஃபிஷர் குழு செய்த ஆய்வும் (2019) இதையே சொல்கிறது. இந்தக் குரங்குகள் கழுகுக்கென்று தனிக் குரல் கொடுத்து யாரும் கேட்டதில்லை. டிரோனைக் கண்டதும் கொடுத்தன. அந்தக் குரல் கென்யாவின் வெர்வெட் குரங்குகளுடைய கழுகுக் குரலை அப்படியே ஒத்திருந்தது. இரண்டும் பிரிந்து பல லட்சம் ஆண்டுகள் ஆகின்றன. அதாவது பழைய குரல், புதுப் பொருளுக்கு. பிறகு டிரோனின் சத்தத்தை மட்டும் ஒலிக்கவிட்டபோது குரங்குகள் அண்ணாந்து பார்த்தன. ஓரிரு முறை கேட்டதிலேயே அவை கற்றுக்கொண்டுவிட்டன.

எனவே ‘அகராதி’ என்று சொல்வதில் எனக்கு உடன்பாடில்லை. அகராதிச் சொல்லை நாம் நினைத்த நேரத்தில் எடுத்து, இல்லாத சிறுத்தையைப் பற்றியும் பேசலாம், நேற்றைய சிறுத்தையைப் பற்றியும் பேசலாம். குரங்கின் குரல் இப்போது, இங்கே என்பதோடு கட்டப்பட்டிருக்கிறது. ‘சும்மா கத்துது’ என்பதும் சரியில்லை. கேட்கிற குரங்குக்கு அது உயிர்காக்கும் தகவல்.

கத்தினால் தனக்கே ஆபத்து இல்லையா?

ஒளிந்துகொள்ள வேண்டிய நேரத்தில் கத்தினால் சிறுத்தைக்கு இடம் தெரிந்துவிடாதா என்று கேட்பது நியாயம். சிறுத்தை ஓடிப் பிடிக்கும் விலங்கல்ல, பதுங்கிப் பிடிக்கும் விலங்கு. ‘உன்னைப் பார்த்துவிட்டோம்’ என்று தெரிந்தபின் அங்கே பதுங்கியிருப்பதில் அதற்குப் பலன் இல்லை. மேற்கு ஆப்பிரிக்காவில் ஐவரி கோஸ்ட்டில் ‘தாய்’ (Taï) என்ற பெயருள்ள காட்டில் சிறுத்தைகளுக்கு ரேடியோ பட்டை கட்டிக் கண்காணித்தபோது, குரங்குகள் அபாயக் குரல் எழுப்பியதும் சிறுத்தை பதுங்கலைக் கைவிட்டு நகர்ந்துபோவது தெரிந்தது. அதோடு, சுற்றியிருப்பவை பெரும்பாலும் சொந்தபந்தம். தாயும் மகளும் அக்காளும் தங்கையும் ஒரே கூட்டத்தில் கடைசிவரை இருக்கும் இனம் நாட்டுக்குரங்கு. ஆண்கள்தான் வேறு கூட்டத்துக்குப் போகின்றன.

நம்மைப் பார்த்துக் கத்தும்போது

அருவிக்கரைக்கு வருவோம். கையில் மட்டிப்பழச் சீப்போ சிப்ஸ் கவரோ இருக்கிறவர் பக்கம் ஒரு குரங்கு வந்து உட்கார்ந்து, முகத்தைப் பார்த்து ‘கூ’ என்கிறது, கையையும் நீட்டுகிறது. இதை எல்லாரும் பார்த்திருக்கிறோம். பந்திப்பூரில் அத்வைத் தேஷ்பாண்டே, ஸ்ரீஜாதா குப்தா, அனிந்த்ய சின்ஹா மூவரும் இதைத்தான் முறையாக ஆராய்ந்து 2018-இல் எழுதினார்கள். தங்களுக்குள் தொடர்புக்காக எழுப்பும் கூ குரலை, சில குரங்குகள் மனிதரிடம் தீனி கேட்கப் பயன்படுத்துகின்றன. ஆள் கையில் உணவு இருந்தால் கேட்கின்றன, ஆள் பார்க்கிறாரா என்று கவனிக்கின்றன, கிடைத்ததும் நிறுத்திவிடுகின்றன. குரல் பழையதுதான். ஆனால் உபயோகம் புதிது, ஏதோ ஓர் எண்ணமும் அதில் இருக்கிறது. கைக்குழந்தை உவமை இந்த இடத்தில் கொஞ்சம் நொண்டுகிறது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். வளர்ந்த பிள்ளை மிட்டாய்க்காக அழுவதற்குப் பக்கத்தில் வந்துவிடுகிறது இது.

‘திட்டுது’ என்று நாம் நினைப்பது பெரும்பாலும் வேறு. வாயைத் திறந்து, கண்ணை நேராகப் பார்த்து, தலையை முன்னால் நீட்டி ‘ஹக் ஹக்’ என்று உறுமினால் அது மிரட்டல். அப்போது நாமும் முறைத்துப் பார்த்தால் சண்டைக்குத் தயார் என்று அது எடுத்துக்கொள்ளும். பார்வையைத் தாழ்த்தி, முதுகு காட்டாமல் நகர்வது நல்லது. உதட்டை இழுத்துப் பல் முழுக்கத் தெரியக் காட்டினால் ‘சிரிக்குது’ என்று செல்ஃபி எடுக்கிறார்கள். அது சிரிப்பல்ல, பயம். பயந்த குரங்கு நெருக்கினால் கடிக்கும்.

குட்டி கீச்சிட்டால் மட்டும் படமெடுப்பதை விட்டுவிட்டு உடனே தள்ளிப்போங்கள். செனியும் சைஃபார்த்தும் வெர்வெட் குட்டி ஒன்றின் அலறலை ஒலிபெருக்கியில் விட்டபோது, தாய் ஒலிபெருக்கியை நோக்கித் திரும்பியது. பக்கத்தில் இருந்த மற்றப் பெண் குரங்குகள் அந்தத் தாயைத் திரும்பிப் பார்த்தன. யார் குட்டி என்று குரலிலேயே தெரிந்துவிட்டது. அருவிக்கரையிலும் குட்டியின் அம்மா தனியாக வருவதில்லை.